இரட்டைச் சுழி

ஜெயபுரம்,
கார்த்திகை, வெள்ளிக்கிழமை.

அன்புள்ள பெறாமகன் ஜனார்த்தனனுக்கு,

உன் பெரியப்பா எழுதுகிறேன். நாங்கள் சுகம். அந்தக் குளிரில் நீயும் சுகமாயிருப்பாய் என்று நம்புகிறோம். விதைப்புக்குப் பிறகு நல்ல மழை. வயல் பச்சை பிடித்துவிட்டது. பெரியம்மாவின் முழங்கால் வலி சற்றுக் குறைவு.

தொலைபேசியில் பேசினால் முக்கியமானதை விழுங்கிவிடுவேன். அதனால்தான் கடிதம்.

ஞாயிறன்று உன் அப்பாவும் நானும் மல்லாவிக்கு உனக்குச் சம்பந்தம் பேசப் போனோம். பஸ்ஸிலேயே அவர், "அண்ணை, அவன்ரை முதல் கலியாணக் கதையை அங்க எடுத்துப்போடாதேங்கோ, அதுதான் பிரிஞ்சு முடிஞ்சுதே" என்றார். நான் வழக்கம்போல் தலையாட்டினேன்.

மாப்பிள்ளை என்ன ஆராய்ச்சி செய்கிறார் என்று பெண்ணின் தாய் கமலாட்சி கேட்டார். விமானச் சிறகுகளுக்குப் பின்னால் காற்றில் எழும் இரட்டைச் சுழி பற்றி என்றேன். அவர் தேநீர்த் தட்டை அப்படியே பிடித்தபடி, "இரட்டைச் சுழியோ? ஐயோ, தலையிலயோ?" என்றார். தாய்மாமன் நல்லதம்பி விடவில்லை. "இரட்டைச் சுழிக்காரனுக்கு ரெண்டு கலியாணமெல்லே! அப்ப இது எத்தினையாவது, மாஸ்டர்?"

எல்லோரும் சிரித்தார்கள். உன் அப்பா என்னைப் பார்த்தார்.

எனக்கு வாய் திறந்தது. ஆனால் வாத்தியார் பழக்கத்தில் வந்தது பாடம். ஆங்கிலத்தில் இதை வோட்டெக்ஸ் என்பார்கள், 'திருப்பு' என்ற பொருளுள்ள இலத்தீன் வினையிலிருந்து வந்த சொல், நம்மைப் போலவே இலத்தீன்காரரும் நீரின் சுழலையும் உச்சந்தலைச் சுழியையும் ஒரே சொல்லால் குறித்தார்கள் என்று விளக்கிக்கொண்டே போனேன். அவ்வளவும் உண்மை. கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் இல்லை. நல்லதம்பி பகிடியாக, "சரியான சுழியன் நீங்கள்" என்றார். தந்திரக்காரன் என்ற அந்தப் பட்டம் எனக்குப் பொருத்தம்தான்.

புறப்படும்போது பெண் மேனுகா வாசல் படலை வரை வந்தாள். "மாமா பகிடிக்குக் கேட்டவர், குறை நினையாதேங்கோ. நீங்கள் மறைச்சுக் கதைக்கிற ஆள் இல்லையெண்டு பாத்தாலே தெரியுது" என்றாள். என்னால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. குடையை விரித்தேன். அப்போது மழையும் இல்லை.

அவர்களுக்குச் சம்மதம். தையில் நாள் பார்க்கிறார்கள். உன் அப்பாவுக்குக் கால் நிலத்தில் இல்லை.

தம்பி, ஒருமுறை மணமாகிப் பிரிந்தது குற்றமல்ல. அதை அவளுக்குத் தெரியாமல் வைத்திருப்பது என்னை உறங்கவிடவில்லை. நீ சொல்லாவிட்டால் நானே சொல்வேன் என்று முதலில் எழுதினேன். வாசித்துப் பார்த்தபோது அதைச் செய்யும் துணிவு எனக்கு உண்டென்று நானே நம்பவில்லை, வெட்டிவிட்டேன். அவளுடைய தொலைபேசி இலக்கம் உன்னிடம் இருக்கிறது. நாள் வைப்பதற்கு முன் நீயே பேசு. அதன் பிறகும் அவள் ஓம் என்றால், முன்வரிசையில் நின்று உங்கள் இருவருக்கும் அறுகரிசி போட்டு வாழ்த்துவேன். மாட்டேன் என்றால் உன் அப்பாவின் கோபம் முழுவதும் என்மேல் விழட்டும்.

முன்பு உன்னோடு வாழ்ந்த அந்தப் பிள்ளையும் எங்கிருந்தாலும் நன்றாயிருக்கட்டும்.

உன்மேல் பாசம் குறையாத,
பெரியப்பா முத்துலிங்கம்