வாடிப்பட்டியில் எரிந்த உன் கதவு

இன்று காலை வண்டியூர்ப் பக்கம் ஒரு சீரியல் செட்டில், ஆசாரி புதுப் பலகையைப் பழசாக்க நெருப்புக் காட்டிக்கொண்டிருந்தார். மரம் கருகும் வாசனை வந்ததும் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். நீ போய் எட்டு மாதம் ஆகிறது, மாப்ள.

முன்னைப் போல முடியவில்லை. கலை இயக்குநர் என்று பேர்தான். ஒரே கூடத்தில் திரைச்சீலையை மாற்றி மாற்றி மூன்று சீரியல் குடும்பங்களைக் குடிவைக்கிறேன். படியேறினால் முட்டி பிடிக்கிறது.

வாடிப்பட்டிக்கு வெளியே பொட்டலில் நாம் ஒரு தெருவையே கட்டினோம். எனக்கு முதல் பெரிய படம்; செட்டுக்குப் பெயிண்டர் நீ. நாயகியின் வீட்டுக்கு நான் செய்துவைத்த எந்தக் கதவும் கதவாக இல்லை. சாலையை அகலப்படுத்த உன் வீட்டை இடித்துக்கொண்டிருந்த நேரம் அது. உன் அப்பா செய்த வாசற்கதவை டிராக்டரில் ஏற்றி வந்தாய். "வேலை முடிஞ்சதும் எடுத்துக்கிறேன். புது வீட்டுக்கும் இதான்" என்றாய்.

கடைசி நேரத்தில் இயக்குநருக்கு ஒரு யோசனை. வீடு எரிய வேண்டும், முதலில் கதவு. அதே போல் இன்னொன்று செய்ய இரண்டு நாள் கேட்டேன். நாயகி மறுநாளே கிளம்புகிறார் என்றார்கள். அதற்கு மேல் நான் பேசவில்லை. உன்னிடம் வந்து சொன்னபோது நீ பிரஷ்ஷைக் கழுவிக்கொண்டிருந்தாய். வெகுநேரம் கழுவினாய்.

"உனக்கு இது பெரிய படம்ல. எரிக்கட்டும்."

மண்ணெண்ணெயை நீயேதான் தடவினாய். வேறு யாரையும் தொடவிடவில்லை.

படம் நீளமாகிவிட்டதென்று அந்தக் காட்சியையே வெட்டிவிட்டார்கள். வெளியாவதற்கு ஒரு வாரம் முன்பே எனக்குத் தெரியும். சொல்ல வாய் வரவில்லை. முதல் நாளே மனைவியையும் மகளையும் கூட்டிக்கொண்டு போய்விட்டு, சாயங்காலம் போன் செய்தாய்.

"நம்ம கதவைக் காணோமே மாப்ள. நான் கண்ணசந்துட்டேனா?"

"சட்டுனு வந்துட்டுப் போயிரும்டா."

"அப்ப நாளைக்கு இன்னொரு தடவ போறேன்."

தனியாகப் போனாய். அதற்கடுத்த நாள் மாட்டுத்தாவணியில் பஸ்ஸுக்கு நின்றபோது உன் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. நீயாகவே சொன்னாய். "பாத்துட்டேன் மாப்ள. நல்லாத்தான் எரிஞ்சுச்சு."

பிறகு எத்தனையோ வருடம் சேர்ந்து வேலை பார்த்தோம். உன் வீட்டில் எத்தனையோ முறை சாப்பிட்டேன். ஒருநாளும் இதைப் பேசவில்லை.

உன் காரியத்தன்று உன் மகள் எனக்குக் காப்பி கொண்டுவந்தாள். "எங்க கதவு அந்தப் படத்துல வந்துச்சுன்னு அப்பா சொல்லுவாரு மாமா. நான்தான் கவனிக்காம விட்டுட்டேன் போல" என்றாள்.

"வரலம்மா. வெட்டிட்டாங்க. எனக்கு முன்னாடியே தெரியும்."

"அப்பாவுக்கு?"

"தெரியும்."

தம்ளரை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். யாருக்காக அப்பா அப்படிச் சொன்னார் என்று அவள் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் என் பேரைச் சொல்லியிருப்பேன். கேட்க மாட்டாள். உன் மகள் அல்லவா.