பின்சுவரில் ஒரு ஜன்னல்

என் அன்பான செபமாலை அண்ணிக்கு,

"கனாவுல கட்டுற கட்டடத்துக்கு யாருகிட்ட உத்தரவு வாங்குனீங்க?" என்று கணக்கப்பிள்ளை உங்களைக் கேட்டது நினைவிருக்கிறதா? காலையில் வேலை பிரிக்கும் பெரட்டுக்களம். தேயிலைத் தோட்டமே நின்றிருந்தது. நீங்கள் கம்பளியைத் தலைக்கு இழுத்துவிட்டுக்கொண்டீர்கள். "தொரை கனாவுக்குள்ள வந்து கேக்கட்டும் ஐயா, அங்க வச்சுப் பதில் சொல்றேன்."

அவர் சிரிக்கவில்லை. களம் சிரித்தது.

இலங்கைக்குச் சுதந்திரம் வந்த கையோடு பிரஜை என்ற பேரும் ஓட்டும் நம்மிடமிருந்து போன வருடங்கள் அவை. நாம் குடியிருந்த வரிசை வீடுகளான லயத்து வாசலில் ஒரு தகரம் சாய்க்கவும் உத்தரவு வேண்டும். அப்போதுதான் நீங்கள் கனாக் கொத்தனார் சங்கத்தைத் தொடங்கினீர்கள். நீங்கள், என் அண்ணன், தச்சர் முனியாண்டி, நான். கட்ட வேண்டியது ஒரு பள்ளிக்கூடம்.

நான் அன்று பாடம் நடத்தியது வேலைக்குப் போகிறவர்களின் குழந்தைகளை விட்டுவைக்கும் அறையான பிள்ளைக் காம்பராவில், தொட்டில்களுக்கு நடுவே. மழை பிடித்தால் கைக்குழந்தைகள் அத்தனையும் அங்கே அடைந்துவிடும், பள்ளிக்கூடம் மூடிவிடும். உங்கள் மகள் பிலோமினா எழுத்துக் கூட்டி வாசிக்கும் முன்பே கொழுந்துக் கூடையைத் தூக்கிவிடுவாளோ என்று நீங்கள் பயந்தீர்கள்.

சங்கத்துக்கு ஒரே சட்டம். ஒருவர் கனவில் கட்டியதை மற்றவர் இடிக்கக்கூடாது. விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டும். கரும்பலகையில் ஒரு பிள்ளை எழுதிய வரிக்குக் கீழே அடுத்த பிள்ளை எழுதுமே, அது மாதிரி. காலையில் மலைத் தண்ணீர் கொட்டும் பீலியில் குடம் பிடிக்கும்போது அவரவர் வேலையை ஒப்புவிப்போம்.

"கதவு போட்டாச்சு. தேக்கு" என்பார் முனியாண்டி.

"தேக்கா?"

"கனாவுல எதுக்குங்க வாத்தியாரே கஞ்சத்தனம்?"

நான் நிஜமாகவே கனவு கண்டேனா, படுத்தபடி யோசித்தேனா என்று நீங்கள் ஒருநாளும் கேட்டதில்லை.

ஆனால் கட்டடம் எழும்ப எழும்ப உள்ளே இருட்டு. முனியாண்டி கதவுக்குப் பக்கத்தில் இன்னொரு கதவு வைத்தார். அண்ணன் கூரையை ஒரு முழம் தூக்கினார். அப்படியும் கடைசி வரிசைப் பிள்ளையின் முகம் தெரியவில்லை.

ஒரு காலை, குடத்தைப் பீலிக்கடியில் வைத்துவிட்டு நீங்கள் அப்படியே நின்றீர்கள். குடம் நிரம்பி வழிந்தது.

"தம்பி, நேத்து உள்ள போயி பின்சொவத்துல சாஞ்சு உக்காந்தேன். அந்தப் பக்கம் யாரும் இருமல."

"கனாவுல யாரு அண்ணி இருமப் போறாங்க?"

"அதைத்தான் கேக்குறேன். அந்தப் பக்கம் யாரோட காம்பரா?"

அந்தப் பக்கம் காம்பராவே இல்லை. மலைதான் இருந்தது.

முதுகோடு முதுகு ஒட்டிய லயத்தில் பிறந்தவர்கள் நாம். பின்சுவர் என்றால் அதற்கு அப்பால் இன்னொரு குடும்பம் இருமும், சண்டை போடும், பிள்ளையைத் தாலாட்டும். அதில் எப்படி ஜன்னல் வைப்பது? ஒரு பக்கமே வெயில் பட்டு வளர்ந்த கன்றைத் திறந்த வெளியில் நட்டாலும் அது பழைய பக்கமாகவே சாய்ந்து நிற்கும். உத்தரவு தேவையில்லாத கனவிலும் நாம் பின்சுவரை மூடியே கட்டியிருந்தோம்.

"எவன்டா சொவத்த மூடுனது?" என்றார் அண்ணன்.

"நீதான்யா" என்றார் முனியாண்டி. "இப்ப இடிக்கவும் முடியாது, சட்டம் இருக்கு."

"இடிக்கலப்பா, தெறக்குறோம்" என்றீர்கள்.

அடுத்த வருடம் நிஜமாகவே தொரை உத்தரவு தந்தார். மரமும் தகரமும் தோட்டத்துடையது, உழைப்பு நம்முடையது. பெருமழைக்கு முன் கூரை ஏறாவிட்டால் தகரம் மாட்டுப்பட்டிக்குப் போய்விடும். "பிளான் எங்க?" என்றார் கணக்கப்பிள்ளை. அண்ணன் கயிற்றைப் பிடித்து மூலை அளந்தார். வாசல் எந்தப் பக்கம் என்று யாரும் யாரையும் கேட்கவில்லை. போட வேண்டிய சண்டைகளையெல்லாம் பீலியடியிலேயே போட்டு முடித்திருந்தோம். ஞாயிறு தவறாமல் சுவர் ஏறியது.

பின்சுவரில் மட்டும் கணக்கப்பிள்ளை மறித்தார். "பின்னால ஜன்னல் எதுக்கு? காத்துதான் வரும். மூடுங்க."

நீங்கள் அந்தத் திறப்பில் ஏறி உட்கார்ந்துகொண்டீர்கள். "வரட்டும் ஐயா. அதுவும் நாலெழுத்துப் படிக்கட்டும்."

அந்த முறை அவரும் சிரித்துவிட்டார். பெருமழையின் முதல் துளி நம் தகரத்தில்தான் விழுந்தது. அன்று பள்ளிக்கூடம் மூடவில்லை. மலைப்பக்க வெளிச்சம் கடைசி வரிசை வரை வந்தது. அந்த வரிசையில் பிலோமினா வாசித்துக்கொண்டிருந்தாள். சத்தமாக, தகரத்து மழையை விடச் சத்தமாக. நீங்கள் நனைந்த கூடையோடு வெளியே நின்று கேட்டீர்கள். உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை. ஏன் அண்ணி?

இப்போது அந்தப் பள்ளிக்கு அவள்தான் தலைமை ஆசிரியை. தோட்டத்தில் யார் புதிதாக அறை கட்டினாலும் மேசனிடம், "பின்னால ஒரு செபமாலை வச்சிருப்பா" என்கிறார்கள். ஜன்னலுக்கு அதுதான் இங்கே பெயர். முனியாண்டி நடை தளர்ந்துவிட்டார், கனவில் இன்னும் தேக்குதான். கண்ணை மூடிப் போய்ச் சேர்ந்த இடத்தில் நீங்கள் என்ன கட்டிக்கொண்டிருக்கிறீர்கள்?

சங்கத்தை நான் கலைக்கவில்லை. கனவில் பள்ளிக்கு மேலே மாடி எழும்புகிறது. நீங்கள் விட்ட படியிலிருந்துதான் தொடர்கிறேன். அதில் ஒரு கல்லையும் யாரையும் இடிக்க விடமாட்டேன், இது உங்களுக்கு என் வாக்கு.

இந்தக் கடிதத்தை வாசிக்கிற மற்றவர்களுக்கும் ஒரு வேலை தருகிறேன். இன்று கண்ணை மூடி, உங்களுக்குப் பிடித்த மாதிரி ஓர் அறையைக் கட்டுங்கள். பிறகு உள்ளே போய், அதன் பின்சுவரைப் பாருங்கள்.

உங்கள் கொழுந்தன்,
சவரிமுத்து வாத்தியார்