மாமியின் குசினியில் நான் செய்த குகெல்

என் பிடிவாதக்கார மாமிக்கு,

எஸ்தர் என்று உங்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட எனக்கு வாய் வரவே இல்லை. எங்கள் யாழ்ப்பாணத்தில் புருஷனின் தாய் மாமிதான். கடைசிவரை நீங்கள் அதற்குச் சம்மதமும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. ஆகவே இப்போதும் மாமிதான்.

நீங்கள் போன பிறகு வந்த முதல் ரோஷ் ஹஷானா, உங்கள் யூதப் புதுவருடம், முடிந்துவிட்டது. அதற்குக் கொஞ்ச நாள் முன்னால் நீங்கள் பெருநாளுக்கு ஓவனில் சுடுகிற நூடில்ஸ் குகெலைப் பற்றி உங்கள் மகள் நேயோமி போன் எடுத்தாள். "குகெல் அம்மாவோடு போய்விட்டது சாந்தி. கடையில் சொல்லிவிட்டேன். நீ வழக்கம்போலப் பூ கொண்டு வா" என்றாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பூ கொண்டு வருகிறவள் விருந்தாளி. உங்கள் மகனைக் கட்டி இத்தனை வருடமாக நான் அந்த மேசையில் விருந்தாளியா?

முதல் வருடம் நான் செய்து கொண்டுவந்த குகெல் ஞாபகம் இருக்கிறதா? நூடில்ஸ், பூசணி, முட்டை, மேலே தாராளமாக நெய். பெருநாளுக்கு நெய்யைவிடச் சுத்தமானது எது என்று நினைத்தேன். எங்கள் வீட்டில் திருநாளில் இறைச்சிக்குத்தான் தடை. உங்கள் மேசையிலோ நடுவில் மாட்டிறைச்சி ஆவி பறந்தது, என் நெய்தான் தீட்டாகிவிட்டது! இறைச்சியோடு பாலில் வந்த எதுவும் சேராது என்று தட்டைத் தூக்கிப் பல்கனியில் வைத்தீர்கள். அதன் பிறகு என்னைக் குசினிக்குள் விடவே இல்லை. ஒரு வார்த்தை முன்கூட்டிச் சொல்லியிருந்தால் என்ன குறைந்திருக்கும் மாமி?

இந்த முறை நான் யாரையும் கேட்கவில்லை. பாலும் இறைச்சியும் ஒன்றாய்ப் புழங்கும், வெக்ஸ்போர்ட்டில் உள்ள என் வீட்டுச் சட்டிகளில் சமைத்தால் அதற்கும் ஒரு குறை வரும். அதனால் உங்கள் மகன் டானியேலிடம் திறப்பை வாங்கிக்கொண்டு, இன்னும் காலி பண்ணாத உங்கள் அப்பார்ட்மெண்டுக்கே போனேன். பாலுக்கு ஒன்று, இறைச்சிக்கு ஒன்று என்று நீங்கள் பிரித்து வைத்த அலுமாரிகளில் இறைச்சிப் பக்கத்தைத் திறந்து உங்கள் தட்டையே எடுத்தேன். நூடில்ஸை அவித்து, பூசணியைத் துருவி, வெங்காயத்தை எண்ணெயில் சிவக்க வதக்கினேன். செத்தல் மிளகாய் இரண்டை இடித்துப் போட்டேன். ஓம், போட்டேன்தான். உங்கள் சட்டத்தில் மிளகாய்க்கு எங்கே தடை?

முட்டை அடிக்கும்போது என் அம்மா போனில் பிடித்துக்கொண்டா.

"எடி பிள்ளை, இண்டைக்கு மாளய அமாவாசை. நாளைக்கு நவராத்திரி. நீ முட்டை அடிச்சுக்கொண்டு நிக்கிறியே?"

"செத்தவவுக்குத்தானே அம்மா சமைக்கிறன். அவ முட்டை தின்னுறவ."

அம்மா உடனே, "சம்பந்தியம்மாவுக்கு எண்டால் உப்பைக் குறைச்சுப் போடு, அவவுக்குப் பிறஷர் இருந்ததெல்லோ" என்றா. நான் சிரித்தேன். அழுதும்விட்டேன்.

ஓவனைவிட்டு எடுத்து வைத்த நேரம், மேசைக்குப் பீங்கான் தட்டுகள் எடுக்க வந்த நேயோமி வாசலிலேயே நின்றுவிட்டாள். "பட்டர் போட்டாயா?" என்பதுதான் முதல் கேள்வி. "இல்லை, எண்ணெய்" என்றேன். மொறுமொறுத்த மூலையில் ஒரு துண்டைப் பிய்த்து வாயில் போட்டாள். "உறைக்கிறது. அம்மா இதைத் தொடவே மாட்டா." "மாட்டாதான். ஆனால் நாங்கள் உயிரோடு இருக்கிறோமே, எங்களுக்குப் பசிக்கிறதே" என்றேன். அவள் இன்னொரு துண்டு பிய்த்தாள்.

அன்று இரவு கடையில் வாங்கியதும் என்னுடையதும் மேசையில் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. உங்கள் தம்பி என்னுடையதைச் சாப்பிட்டுத் தண்ணீர் குடித்துவிட்டு, இது யார் செய்தது என்று கேட்டார். நேயோமி வாயைத் திறப்பதற்குள் நான் எழுந்து நின்றேன். "நான்தான். இந்த வீட்டு மருமகள்." பிறகு அவர் தட்டை நீட்டி, இன்னும் கொஞ்சம் வை என்றார்.

உங்களுக்குக் கோபம் வந்திருக்கும், தெரியும். வரட்டும். ஒவ்வொரு புதுவருடத்துக்கும் இதைச் செய்வேன். வேண்டாம் என்று யார் போன் எடுத்தாலும் செய்வேன். பிடிக்காவிட்டால் கனவில் வந்து சண்டை பிடியுங்கள் மாமி. உயிரோடு இருக்கும்போதுதான் என்னோடு ஒரு தரமும் சண்டை பிடிக்காமல், விருந்தாளியிடம் சிரிக்கிற மாதிரி சிரித்துக்கொண்டே போய்விட்டீர்கள்.

நீங்கள் கேட்காமலே வந்து சேர்ந்த, இனி எங்கும் போகாத
உங்கள் மருமகள்,
சாந்தி