சாவி கொடுத்த போட்டோ

கே.ஜி.கண்டிகை ஜோசப் மகன் பென்சனுக்கு உன் அம்மா எழுதுவது. கர்த்தர் கிருபையில் நீ குவைத்தில் சுகமாயிருப்பாய் என்று நம்புகிறேன், எனக்கும் உன் நைனாவுக்கும் உடம்புக்கு ஒன்றும் இல்லை, மனசுதான் சரியில்லை. போனில் பேசினால் நைனா பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறார், அதனால்தான் லீவு முடிந்து அங்கே திரும்பும் டேவிட்சன் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். லோயிஸ் அத்தைக்கு முட்டிவலி, துணைக்குப் பொதட்டூர்பேட்டை வந்திருக்கிறோம் என்று உன்னிடம் சொன்னது பொய் கண்ணா. அத்தை நன்றாகத்தான் நடக்கிறாள். கண்டிகையில் நம் வீடு போய்விட்டது.

பக்கத்து நிலத்தை வாங்கினாரே கங்காதரன், திருத்தணி மலைக்கு வருகிறவர்களுக்கு லாட்ஜ் கட்டப்போகிறார் என்று ஊரே பேசியதே, அவர் ஆட்களோடு வந்தார். நம் மனையும் தன் பத்திரத்தில் இருக்கிறதாம், ஆர்டர் வந்துவிட்டதாம், "ஞாயித்துக்கெயமக்குள்ள காலி பண்ணிடுங்க பெரியவரே, அப்பறம் போலீசோட வர்ற மாரி ஆயிடும்" என்றார். எந்த ஆர்டர், காட்டுங்கள் என்று ஒரு வார்த்தை கேட்டாரா உன் நைனா? போலீஸ் என்றதும் பயந்துபோய், சாமான் கட்டக் கயிறு தேட ஆரம்பித்துவிட்டார். உன் தாத்தா காலத்திலிருந்து குடியிருந்த வீடு. ஆராதனை முடிந்து வந்து சாமான் ஏற்றினோம். காலி பண்ணுகிற வீட்டைக் குப்பையாய் விட்டுப்போனால் நம்மைப் பற்றி என்ன நினைப்பார்கள் என்று நான் அடுப்படி வரைக்கும் கூட்டித் துடைத்தேன், வந்தவர்களுக்கு டீ வேறு போட்டுக் கொடுத்தேன். நைனா சாவியை இரண்டு கையாலும் நீட்டினார். அதில் ஒருத்தன் "இப்டி பாருங்க பெரியவரே" என்று போனைத் தூக்கினான். போட்டோ என்றால் நைனா என்ன செய்வார் என்று உனக்குத் தெரியாதா, சிரித்தார். மறுநாளே ஜேசிபி வந்து வீட்டை இடித்துவிட்டது.

அப்புறம்தான் சர்ச்சில் விசாரித்து, திருத்தணியில் வக்கீலம்மா சௌமியாவைப் போய்ப் பார்த்தோம். அப்படி ஆர்டர் எதுவும் இல்லையாம், பத்திரம் கங்காதரன் பேரிலேயே இருந்தாலும், இத்தனை வருஷம் குடியிருந்தவர்களைக் கோர்ட்டுக்குப் போய்த் தீர்ப்பு வாங்காமல் எழுப்ப முடியாதாம், மிரட்டி எழுப்பினால் ஆறு மாசத்துக்குள் கேஸ் போட்டு இடத்தைத் திரும்பக் கேட்கலாமாம். ஆனால் கங்காதரன் அந்தப் போட்டோவைக் காட்டுகிறார், சந்தோஷமாகத்தானே சாவி கொடுத்தார் என்று. வக்கீலம்மா கேஸ் போடத் தயார், நைனா சாட்சிக் கூண்டில் ஏறி, பயந்துபோய்த்தான் கொடுத்தேன் என்று சொல்ல வேண்டும். மனுஷன் மாட்டேன் என்கிறார். "எல்லார் எதிர்லயும் பயந்துட்டேன்னு சொல்லிகினு நிக்கணுமா?" என்று கேட்டுவிட்டு வாசலில் போய் உட்கார்ந்துகொண்டார். பக்கத்து வீட்டு பவர்லூம் தறிச் சத்தத்தில் தான் அழுவது எனக்குக் கேட்காது என்று நினைக்கிறார்.

நீ சொன்னால் கேட்பார். பயந்ததில் ஒரு கேவலமும் இல்லை என்று நீயாகச் சொல்கிற மாதிரி சொல்லு, நான் எழுதியதாகக் காட்டிக்கொள்ளாதே. கங்காதரனுக்குப் போன் போட்டுச் சத்தம் போடாதே, உன் கோபம் எனக்குத் தெரியும். வேளைக்குச் சாப்பிடு, வெயிலில் தலைக்கு எதையாவது போட்டுக்கொள். நீ போகிற இடமெல்லாம் ஆண்டவர் உன் கூடவே இருக்கட்டும்.

இன்னொன்று. வீடியோ காலில் வரும்போதெல்லாம் "சிரி நைனா, சிரி நைனா" என்பாயே, இனிமேல் அப்படிச் சொல்லாதே கண்ணா. போன வாரம் நீ சொன்னதும் சிரித்தார். நீ வைத்த பிறகு வெகுநேரம் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

உன் அம்மா,
ஞானம்மாள்