கூண்டில் ஏற வேண்டியவர்

அன்புள்ள தம்பிக்கு, அண்ணி எழுதுவது.

நாங்கள் நலம் என்று ஆரம்பிக்கத்தான் உட்கார்ந்தேன், கை வரவில்லை. ஹைகோர்ட்டில் நாம் போட்ட ரிட் மனு தள்ளுபடியாகிவிட்டது. உன் அண்ணன் புதுச் சட்டை போட்டுக்கொண்டு போனார். இரண்டு வருடம் காத்திருந்த வழக்கு பன்னிரண்டு நிமிடத்தில் முடிந்தது.

தோற்றோம் என்றும் சொல்ல முடியாதாம். நம் வேலையாள் நெட்டைக்குக் கம்பத்தில் ஷாக் அடித்ததைக் காட்டி மின்வாரியம் நம் லைன் பராமரிப்பு ஒப்பந்தத்தை ரத்து செய்தது சரியா தப்பா என்று நீதிபதி பேசவே இல்லை. வாரியம் அரசாங்கத்துடையதாக இருக்கலாம், ஆனால் சண்டை ஒப்பந்தத்தைப் பற்றியது. நடந்தது என்ன என்று ஆளுக்கொரு கதை சொல்கிறீர்கள், காகிதத்தைப் படித்து அதை நான் எப்படித் தீர்ப்பது, சிவில் கோர்ட்டில் சாட்சி வையுங்கள் என்றாராம். இதை முதல் நாளே சொல்லியிருக்கக் கூடாதா என்று வக்கீலைக் கேட்டேன். "சில சமயம் எடுத்துப்பாங்கம்மா, அதான் போட்டுப் பார்த்தோம்" என்றார், கடையில் செருப்பைப் போட்டுப் பார்த்த மாதிரி. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

உன் அண்ணன் அசரவில்லை. "நல்லதாப் போச்சு, தம்பி வந்து ரெண்டு வார்த்தை சொன்னாப் போதும்" என்கிறார். அன்று நெட்டை கம்பத்தில் ஏறுவதற்கு முன், லைனை நிறுத்தச் சொல்லித் துணை மின்நிலையத்துக்கு நீ போன் செய்தாய், நிறுத்திவிட்டதாக அவர்கள் சொன்னார்கள் என்று மனுவில் சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டிருக்கிறார். நீ சொன்னதை அப்படியே நம்பித்தான் போட்டார். அப்படி ஒரு போனே வரவில்லை என்கிறது வாரியம்.

நெட்டை போன வாரம் வந்தான். சட்டையின் காலி வலது கையை மடித்து ஊக்குக் குத்தியிருந்தான். இடது கையால் டீ குடிக்கப் பழகிவிட்டான். "சின்னவரு எப்ப வருவாரு" என்று மட்டும் கேட்டான்.

தம்பி, சொல்ல வந்தது இதுதான். ரிட்டில் யாரையும் நிறுத்திக் கேட்கவில்லை. சிவில் கோர்ட்டில் எல்லோரையும் கேட்பார்களாம். வேலைப் பதிவேட்டை எழுதியது நான் என்பதால் என்னையும் கூண்டில் ஏற்றுவார்கள் என்கிறார் வக்கீல்.

அன்று காலை நீ வேலைக்குக் கிளம்பிப் போன பிறகு, உன் போன் சமையலறையில் சார்ஜில் கிடந்தது. மதியம் ஆஸ்பத்திரியிலிருந்து ஓடி வந்துதான் எடுத்தாய். வேறு யாருடைய போனிலாவது பேசியிருப்பாய் என்று இரண்டு வருடமாக எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். அண்ணனிடம் மூச்சு விடவில்லை. ஆனால் சத்தியம் வாங்கிக்கொண்டு கேட்டால் என்னால் மறைக்க முடியாது. அப்படி ஒரு நெஞ்சழுத்தம் எனக்குக் கிடையாது, உனக்கே தெரியும்.

உன்னைத் திட்ட எழுதவில்லை. நான் இந்த வீட்டுக்கு வந்தபோது நீ பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாய், நான்தான் உனக்குத் தலைவாரி அனுப்பினேன். அந்த உரிமையில் கேட்கிறேன். அடுத்த மாதம் வழக்குப் போடுகிறார்கள். அதற்குள் வந்து, நடந்தது எதுவோ அதை அண்ணனிடம் நீயே சொல்லிவிடு. அவர் அதைக் கோர்ட்டில், என் வாயிலிருந்து கேட்க வேண்டாம்.

வேளாவேளைக்குச் சாப்பிடு. எங்கிருந்தாலும் நன்றாக இரு.

உன் வரவை எதிர்பார்க்கும்,
அண்ணி