மூன்றாவது செட்டுக்குப் பிறகு

மே 4, 1953, போலோன்யா

மழை. செம்மண் டென்னிஸ் மைதானம் குழம்பிக் கிடக்கிறது. ஓடு விற்கும் மாமனார் கடையில் உட்கார்ந்து ஈ ஓட்டினேன். எனக்கு முப்பத்து மூன்று. நாட்டு அணியில் ஓர் இடம்தான் பாக்கி, எனக்கா, இவானோவுக்கா? இரட்டையர் ஆட்டத்தில் என் ஜோடி அவன், என்னைவிடப் பன்னிரண்டு வயது சின்னவன். ஞாயிற்றுக்கிழமை எங்கள் இருவருக்கும் ஆட்டம். ஜெயிப்பவனுக்கு இடம் என்று கேப்டன் பெர்தொலானி சொல்லிவிட்டார்.

மே 8

சாப்பிடும்போது இனெஸிடம் கேட்டேன்: "அவனை ஜெயிக்கணும்னு வெறியே வரமாட்டேங்குது. ஏன்?"

"பொண்டாட்டிகிட்ட கேக்கற கேள்வியாய்யா இது? சூப்பு ஆறுது, குடி."

மே 10

தோற்றேன்.

மே 11

நேற்று எழுத முடியவில்லை. இன்று மட்டும் என்ன வாழ்கிறது!

மூன்று செட் முடிந்தபோது இரண்டு என் பக்கம். வழக்கமான பத்து நிமிட ஓய்வு. எங்கள் கிளப்பில் உடை மாற்றும் அறை ஒன்றுதான், இரண்டு பேரும் அதற்குள். நான் சட்டையைக் கழற்றுகிறேன், இவானோ தொப்பென்று தரையில் விழுந்தான். கெண்டைக்கால் கல்லாக இறுகிவிட்டது.

"அண்ணே, இழுக்குதுண்ணே!"

நான் சும்மா இருந்தால் போதும். அவன் எழுந்திருக்கவே மாட்டான், அணியில் இடம் எனக்கு. நான் என்ன செய்தேன்? அவன் காலைத் தூக்கி மடியில் வைத்து, கற்பூர எண்ணெய் போட்டு நீவினேன்!

யோசித்தேனா? இல்லை. நான் நல்லவனா? நல்லவனுக்கு இப்படி வயிறு எரியுமா?

நாலாவது, ஐந்தாவது செட் இரண்டிலும் ஓடியது அவன். மரம் மாதிரி நின்றது நான்.

"அவன் காலுக்குப் போட்ட எண்ணெயில கொஞ்சம் உன் மூளைக்குப் போட்டிருக்கலாம்ல?" என்றாள் இனெஸ். பிறகு என் தலையைக் கோதினாள். திட்டுகிறாளா, கொஞ்சுகிறாளா? எனக்கு ஒண்ணுமே புரியலையே...

மே 13

கேப்டன் கடைக்கே வந்தார்.

"அவன் காலை நீவிவிட்டது நீதானாமே?"

"ஆமா."

"டென்மார்க் அணியோட ஆட ரோமுக்குப் போறோம். நீயும் வா."

"ஆடறதுக்கா?"

"வாயேன்பா."

மே 14

போவதா, வேண்டாமா? மாமனார் போகச் சொல்கிறார். நான் இல்லாத கடை அவருக்கு நிம்மதி போலிருக்கிறது.

மே 24, ரோம்

பையிலிருந்து மட்டையை எடுக்கவே இல்லை. டென்மார்க்காரனிடம் இவானோ இரண்டு செட் இழந்திருந்தான். மூன்றாவதை எப்படியோ பிடித்தான். ஓய்வு அறைக்குள் கேப்டன் என்னைத் தள்ளிவிட்டார். காலில் ஒன்றுமில்லை, பயத்தில் நடுங்கிக்கொண்டிருந்தான்.

"என்னால முடியாதுண்ணே. நீங்கதான் ஆடியிருக்கணும்."

ஆமாம், நான்தான் ஆடியிருக்க வேண்டும். வாய் வரை வந்தது. "இடது பக்கம் எழும்பி வர்ற பந்து அவனுக்கு ஆகாதுடா. அங்கயே போடு, போட்டுக்கிட்டே இரு," என்றேன்.

ஜெயித்துவிட்டான். பெஞ்சு மேல் ஏறி நின்று கத்தியது நான்தானா? தொண்டை இன்னும் வலிக்கிறது. பொறாமை போய்விட்டதா என்றால் அதுவும் இல்லை.

பெர்தொலானி வந்து தோளைத் தட்டினார். "பாஸ்போர்ட்டைத் தயார் பண்ணு. அடுத்தது வெளிநாட்டுல. நீ இல்லாம நான் கிளம்பறதா இல்லை."

'என்னவாக?' என்று கேட்கத்தான் வாயைத் திறந்தேன். "எந்த ஊருக்கு?" என்று கேட்டுவிட்டேன்.