கையளவு அத்தா

செவ்வாய், அத்தாவை அடக்கி மூன்றாம் நாள்

குவைத்திலிருந்து அண்ணன் இன்றும் கூப்பிட்டார். "போனை ஆடாம பிடிச்சிருந்தேடா. பக்கத்துல நின்ன மாதிரியே இருந்துச்சு" என்று அழுதார். 

கபர் குழிக்குள் இறங்கி, மகனாக அத்தாவைக் கையில் வாங்கிப் படுக்க வைத்திருக்க வேண்டியவன் நான். லீவு கிடைக்காத அண்ணன் வீடியோ காலில் காத்திருந்தார். அவர் படத்தை மூலைக்குத் தள்ளி, கேமரா காட்டுவதைப் பெரிதாக்கிக்கொண்டு மேலேயே நின்றேன்.

"போனை யார்கிட்டயாவது குடுத்துட்டு எறங்குப்பா" என்றார் அத்தாவின் தம்பி, சின்னத்தா.

"நீங்க எறங்குங்க சின்னத்தா. வேற யாராவது பிடிச்சா முகம் சரியாத் தெரியாது."

அவர் இறங்கினார். முகத்திலிருந்து கஃபன் துணியை விலக்கியபோதும் நான் திரையைத்தான் பார்த்தேன். உறையூரில் அன்று மேகமூட்டம். வெளிச்சம் போதவில்லையே என்றுதான் அந்த நேரத்தில் கவலைப்பட்டேன். மூன்று பிடி மண்ணையும் இடது கையால் அள்ளிப் போட்டேன். வலது கையில் போன்.

அண்ணனுக்காவது அருகில் நின்றது போல் இருந்திருக்கிறது. அருகிலேயே நின்ற எனக்கு, கண்ணை மூடினால் அத்தாவின் முகம் உள்ளங்கை அகலத்துக்குத்தான் வருகிறது. அதன் மூலையில், சின்னதாக, அண்ணன் அழுதுகொண்டிருக்கிறார்.